சுமார் அக்காவின் கிணறு

“இதெல்லாம் ஒரு செடியா? எனக்குன்னு வந்து வாய்க்குது பாரு!”

காலையில் நர்சரியின் தகரக் கதவைத் தூக்கித் திறக்கும்போது என் அத்தை சொல்லும் முதல் வாக்கியம் இது. சாயங்காலம் அதே கதவை இழுத்துச் சாத்தும்போது சொல்லும் கடைசி வாக்கியமும் இதேதான். நடுவில் எத்தனை தடவை என்று எண்ண ஆரம்பித்த வாடிக்கைக்காரர் ஒருவர் மதியத்தோடு கைவிட்டுவிட்டார். செடியைத் திட்டாத நேரத்தில் தொட்டியைத் திட்டுவாள். தொட்டி அலுத்தால் மண். மண்ணும் அலுத்தால் மாமா. “இவரு ஒருத்தரு. நட்டு வச்ச இடத்துலயே நிப்பாரு. பூக்கவும் மாட்டாரு, காய்க்கவும் மாட்டாரு.” மாமா அந்த நேரத்தில் அவள் நட்டு வைத்த இடத்திலேயே நின்று, கையில் குழாயோடு, இலைகளில் படிந்த தூசியைக் கழுவிக்கொண்டிருப்பார். மறுத்துப் பேச மாட்டார். வாயைத் திறந்தால் கொட்டாவிக்குத்தான்.

செடி விற்கிறவள் இப்படிப் பேசினால் வியாபாரம் எப்படி நடக்கும் என்று கேட்பீர்கள். நடக்கிறது. புதிதாக வீடு கட்டியவர் ஒருவர் எலுமிச்சைக் கன்று கேட்டு வருவார்.

“இது நல்லா வருமா அக்கா?”

“எங்கங்க வரும்? என் கையால வச்சது. ஏதோ சுமாரா வரும்.”

“காய்க்குமா?”

“அதுக்கு மனசு இருந்தா காய்க்கும். எனக்கு நம்பிக்கை இல்ல.”

வந்தவர் சிரித்துவிட்டு இரண்டாக வாங்கிக்கொண்டு போவார். பிழைக்காது என்று சொல்லி விற்கிற கடையை அவர் எங்கேயும் பார்த்திருக்க மாட்டார். கன்று பிழைத்துக் காய்த்து, காயைக் கொண்டுவந்து காட்டினால், “அது உங்க வீட்டுத் தண்ணி ராசிங்க” என்று பெருமையையும் அவர் பையிலேயே போட்டு அனுப்பிவிடுவாள். பலகையில் நர்சரிக்கு அழகான ஒரு பெயர் எழுதியிருக்கிறது. அதைச் சொல்லிக் கேட்டால் தெருவில் ஒருவருக்கும் தெரியாது. “சுமார் அக்கா நர்சரி” என்றால் கடைசி வளைவு வரை கூடவே வந்து காட்டிவிட்டுப் போவார்கள்.

அத்தை ஆள் குள்ளம், நடை வேகம். கழுத்தில் சணல் கயிறு கட்டி ஒரு மொட்டைக் கத்தரிக்கோல் தொங்கும். பழுத்த இலை எங்கே கண்ணில் பட்டாலும் அவள் விரல் சும்மா இருக்காது. பல் டாக்டர் வீட்டு வரவேற்பறை, தபால் ஆபீஸ் ஜன்னல், அடுத்தவர் மாடிப்படி என்று பேதம் கிடையாது. ஒருமுறை வங்கியில் வரிசையில் நின்றபடி மூலையிலிருந்த செடியில் ஒரு இலையைக் கிள்ளினாள். கையோடு வந்தது பிளாஸ்டிக் இலை. யாரும் பார்க்கிறார்களா என்று சுற்றும் முற்றும் பார்த்து அதைப் பைக்குள் போட்டுக்கொண்டு வீடு வந்து சேர்ந்து, “என் கை ராசியப் பாருடி. பிளாஸ்டிக் கூட உதிருது!” என்றாள்.

இவ்வளவும் அவளுடைய பொருளுக்கு மட்டும்தான். அடுத்தவர் பொருள் என்றால் அத்தையின் நாக்கில் வேறு ஒரு ஆள் வந்து உட்கார்ந்துகொள்வார். பக்கத்துப் பட்டறை மெக்கானிக் மனைவி கொடுத்தனுப்பும் குழம்பில் உப்பு தூக்கலாக இருக்கும். மாமா ஒரு வாய் வைத்துவிட்டுத் தண்ணீர்ச் சொம்பைத் தேடுவார். அத்தை, “அந்தப் பொண்ணு கைமணம் எனக்கு இந்த ஜென்மத்துல வராது” என்பாள். அவர்கள் மகள் சாயங்காலத்தில் பாட்டு பழகுவாள். சுருதி ஒரு பக்கம் போகும், பாட்டு ஒரு பக்கம் போகும். “கேட்டுக்கிட்டே இருக்கலாம் போல இருக்கு” என்பாள், இரண்டு காதிலும் பஞ்சு வைத்தபடி.

இதைச் சோதித்துப் பார்த்துவிட வேண்டும் என்று ஒருநாள் அவள் நர்சரியிலிருந்தே ஒரு செம்பருத்தியைத் தொட்டியோடு தூக்கி, வேறு நிறப் பையில் சுற்றி, முன்வாசல் வழியாகக் கொண்டுவந்தேன். மேற்குத் தெரு நர்சரியில் வாங்கியது என்றேன். அத்தையின் முகம் மலர்ந்தது. தலை சாய்ந்தது, கண் சுருங்கியது, புறங்கையால் இலையைக் குழந்தை கன்னம் மாதிரி தடவினாள். “பாரு, இதுதான் செடி! என்ன பச்சை, என்ன மினுமினுப்பு! அவங்ககிட்டப் போயிக் கத்துக்கணும்டி நாமெல்லாம்.”

“அத்தை, இது உங்களோடது. பின்வரிசையில இருந்து எடுத்தேன்.”

தடவிய கை நின்றது. தொட்டியைச் சாய்த்து அடியைப் பார்த்தாள். “அதான் பார்த்தேன். வேரு கொஞ்சம் சுமாராத்தான் இருக்கு.”

ஏன் இப்படி என்று கேட்டால் அவளிடம் பதில் இருக்கிறது. குரலைத் தாழ்த்தி, செடிகளுக்குக் கூடக் கேட்காதபடி சொல்வாள். “நல்லாருக்குன்னு நாமளே சொன்னா எவனாவது எடுத்துட்டுப் போயிருவான்டி.”

எடுத்துக்கொண்டுதான் போனார்கள். அதுவும், மட்டம் என்று அவள் சொல்லியும்.

ஊரைச் சுற்றிப் போகும் புதிய ரோட்டுக்காக அரசாங்கம் நிலம் எடுத்தது. இன்று ரோட்டோரம் ஒட்டிக்கொண்டிருக்கும் இந்த ஒடுக்கமான நர்சரித் துண்டு, முன்பு அத்தையின் பெரிய தோட்டத்தின் ஓரம். தோட்டத்தின் நடுவில் கிணறு இருந்தது. மதிப்புப் போட வந்த ஆபீசரை மாமா நாற்காலி போட்டு உட்கார வைத்தார். அவர் கேட்டவை சாதாரணக் கேள்விகள். அத்தைக்கு அவர் அந்த நேரத்தில் அரசாங்கம் அல்ல, வீடு தேடி வந்த விருந்தாளி. விருந்தாளியிடம் எப்படிப் பேசுவாளோ அப்படியே பேசினாள்.

“கிணத்துல தண்ணி எப்படிம்மா?”

“என்னத்த தண்ணி சார். ஏதோ இருக்கு, சுமாரா.”

“மண்ணு?”

“மண்ணா அது? கல்லும் கட்டியும்.”

அவர் எழுதினார். எழுதியதைப் படித்துக் காட்டினார். அத்தை கையெழுத்துப் போட்டாள். போட்டுவிட்டு, “சார் எழுத்து முத்து முத்தா இருக்கு” என்று பாராட்டியும் அனுப்பினாள். மாமா மட்டும் நாற்காலியை மடக்கியபடி அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாராம்.

அந்த வாக்குமூலத்தை வைத்து, மழையை நம்பிக் கிடக்கும் தரிசு என்று முடிவு கட்டி, தரிசுக்கான விலை போட்டார்கள். நிலம் கைமாறியதும் ரோட்டு கான்ட்ராக்டர் முதல் வேலையாக அந்தக் கிணற்றில்தான் மோட்டார் இறக்கினார். மண்ணை இறுக்க, கலவை போட, காரை காயாமல் நனைக்க, அந்தக் கோடை முழுக்க லாரி லாரியாகத் தண்ணீர் போனது. வேலை முடிந்ததும் கல்லைக் கொட்டி மூடி மேலே ரோட்டைப் போட்டுவிட்டார்கள். இப்போது அத்தை விலைக்கு வாங்கும் தண்ணீர் லாரி, அந்தக் கிணற்றின் தலைமேல் ஏறித்தான் நர்சரிக்கு வருகிறது. அது வர நேரமானால் அத்தை ரோட்டோரத்தில் போய் நிற்பாள். ஒரு கையால் வெயிலை மறைத்துக்கொண்டு, இன்னொரு கையால் கத்தரிக்கோலைத் திறந்து திறந்து மூடிக்கொண்டு. ‘க்ளிக், க்ளிக்’ சத்தம் வேகமானால் லாரி வரவில்லை என்று உள்ளேயிருந்தே தெரிந்துகொள்ளலாம்.

போட்ட விலை போதாது என்று கோர்ட்டில் வழக்குப் போட்டது மாமா. அத்தைக்குத் தெரியாமல் இல்லை, அவள் பெயரில்தான் வழக்கு. வாய்க்கால் தாண்டி நல்ல கிணற்றோடு ஒரு நிலம் விலைக்கு இருக்கிறது. அதன் சொந்தக்காரர் பழைய வாடிக்கைக்காரர், தீர்ப்பு வரும்வரை பொறுத்துப் பார்க்கிறேன் என்றிருக்கிறார். எவ்வளவு காலம்தான் பொறுப்பார்? கிணற்று நிலம் என்று கோர்ட் ஒப்புக்கொண்டால் நர்சரி அங்கே போய்ப் பிழைக்கும். தரிசுதான் என்று சொல்லிவிட்டால் அடுத்த கோடைக்கு இங்கே தகரக் கதவும் மாமாவும்தான் மிச்சம்.

வக்கீல் நல்ல மனிதர். ஆனால் வயிறு சரியில்லாதவர். பேச்சுக்குப் பேச்சு சட்டைப்பையிலிருந்து ஒரு மாத்திரையை எடுத்து மெல்லுவார். கிணற்றில் லாரி தண்ணீர் எடுத்ததைப் பார்த்த பக்கத்துப் பட்டறை மெக்கானிக் சாட்சிக்கு வருவதாகச் சொல்லியிருந்தார். பிறகு கான்ட்ராக்டரின் லாரிகள் எல்லாம் ரிப்பேருக்கு அவர் பட்டறைக்கே வர ஆரம்பித்தன. மெக்கானிக்கின் கண்பார்வை மங்கிவிட்டது. “பாவம், அவரு தொழில் அவருக்கு. தங்கமான மனுஷன்” என்றாள் அத்தை. வக்கீல் ஒரு மாத்திரை மென்றார்.

“அம்மா, இனிமே கேஸே உங்க வாயிலதான் இருக்கு. அந்தக் கிணத்துல நல்லா தண்ணி இருந்துச்சுன்னு கூண்டுல ஏறி நீங்க சொல்லணும். அவ்வளவுதான்.”

“சொல்லிட்டாப் போச்சு.”

“இப்ப சொல்லுங்க பார்ப்போம்.”

“என் கிணத்துல தண்ணி…” அத்தை கத்தரிக்கோலை ஒருமுறை திறந்து மூடினாள். “ஏதோ இருந்துச்சுங்க.”

வக்கீல் இரண்டு மாத்திரை மென்றார்.

அன்றிலிருந்து நர்சரியில் ஒத்திகை. மாமா கவிழ்த்த தொட்டிமேல் உட்கார்ந்து ஜட்ஜ் ஆனார். அதற்கு நடிப்பே தேவைப்படவில்லை, எப்போதும் போல உட்கார்ந்திருந்தார். நான் அரசு வக்கீல். அவரை வாய்தாக்களில் பார்த்திருந்தேன். மூக்கால் பேசுவார், கண்ணாடியைக் கழற்றி மாட்டுவார், கேள்வியின் வாலில் “அப்படித்தானே?” என்று ஒரு முடிச்சுப் போடுவார்.

“சரி… அந்தக் கிணறு வறண்ட கிணறு, அப்படித்தானே?” என்றேன் மூக்கால்.

“இல்லைங்க.”

பக்கத்தில் உட்கார்ந்திருந்த எங்கள் வக்கீல் உற்சாகமாக நிமிர்ந்தார். “சபாஷ்! அப்புறம்?”

“தண்ணி நிறைய இருந்துச்சு…” வக்கீல் கையை அசைத்து மேலே மேலே என்றார். அத்தையின் கழுத்து நரம்பு புடைத்தது. “…சுமாரா.”

மாமா தொட்டியிலிருந்து எழுந்து போய்விட்டார்.

“ஏன் அத்தை, உண்மையைத்தானே சொல்லச் சொல்றோம்? பொய் இல்லையே?”

“உண்மைதான்டி. எனக்குத் தெரியாதா? நெஞ்சு வரைக்கும் வருது. நாக்குக்கு வரும்போது யாரோ பிடிச்சுக்கிறாங்க.” கிண்டல் செய்ய வாயெடுத்தவள், அவள் கையைப் பார்த்து நிறுத்திக்கொண்டேன். கத்தரிக்கோலால் வெட்டிக்கொண்டிருந்தது பழுத்த இலையை அல்ல. நல்ல தளிர்களை வரிசையாக நறுக்கித் தள்ளியிருந்தாள்.

ஒவ்வொரு வாய்தாவுக்கும் இதே பாடு. போகிற நாளில் சோறு இறங்காது. தண்ணீர் ஊற்றிய செடிக்கே மறுபடி ஊற்றுவாள். பஸ்ஸில் உதடு மட்டும் அசைந்துகொண்டே வரும்: தண்ணி நிறைய இருந்துச்சு, தண்ணி நிறைய இருந்துச்சு. கோர்ட்டில் ஜட்ஜ் லீவு என்பார்கள், அல்லது எதிர்த்தரப்பு அவகாசம் கேட்கிறது என்பார்கள். திரும்பும்போது அத்தை பஸ் ஜன்னலில் தலை சாய்த்துத் தூங்கிவிடுவாள். தள்ளிப்போட்ட தூக்கம் அது. மாமாவின் கன்னம்தான் ஒவ்வொரு தடவையும் இன்னும் கொஞ்சம் உள்ளே போகும். வாய்க்கால் தாண்டிய நிலத்துக்காரர் போனில் குரல் மாறிப் பேச ஆரம்பித்திருந்தார். “வேற ஒரு ஆளும் கேக்குறாங்க, நான் இன்னும் சொல்லலை” என்றாராம். சொல்லலை என்பதையே மூன்று விதமாகச் சொன்னாராம்.

கடைசியில் ஒருநாள் உண்மையாகவே கூப்பிட்டுவிட்டார்கள்.

கோர்ட்டு வராந்தாவில் ஒரு செடி இருந்தது. தொட்டி நிறைய பீடித் துண்டுகள், பஸ் டிக்கெட்டுகள், உயிர் இருக்கிறதா என்று சந்தேகப்படும்படி நாலு இலை. அத்தை பக்கத்தில் குந்தி உட்கார்ந்து துண்டுகளைப் பொறுக்க ஆரம்பித்தாள். “எவ்வளவு நல்ல ஜாதிச் செடி! யாரு வச்ச புண்ணியவானோ, என்ன கை ராசி!” கத்தரிக்கோலை வாசலில் வாங்கி வைத்துக்கொண்டதால் கைக்கு வேலை வேண்டியிருந்தது. அவள் பெயரைக் கூப்பிட்டபோது முதலில் யாரையோ கூப்பிடுகிறார்கள் என்று நினைத்தாள். அந்தப் பெயரை அவளே கேட்டு வெகு நாளாயிற்று.

எங்கள் வக்கீல் விசாரித்தார். தண்ணீர் பற்றிய கேள்வி வந்தது. அத்தை கண்ணை மூடிக்கொண்டு, “தண்ணி நிறைய இருந்துச்சு” என்று முடித்தாள். ‘சுமாரா’ என்ற வால் இல்லை! மாமா மூச்சு விட்டார். ஆனால் சொன்னது அவளுக்கே கேட்டிருக்காது. தட்டெழுத்து அம்மா, “என்ன சொன்னீங்க? சத்தமா” என்றார். இரண்டாவது தடவை, “இருந்துச்சுங்க” என்பது மட்டும் வந்தது. ஜட்ஜ் எதையோ குறித்துக்கொண்டார்.

அப்புறம் அரசு வக்கீல் எழுந்தார். என் ஒத்திகை எவ்வளவு தப்பு என்று அப்போதுதான் தெரிந்தது. நான் அவர் மூக்கைச் சரியாகப் பிடித்திருந்தேன், ஆளைக் கோட்டைவிட்டிருந்தேன். நான் மிரட்டி மிரட்டிக் கேட்டிருந்தேன். அசல் ஆள் சிரித்தபடி வந்தார்.

“அம்மா, உங்க நர்சரியில வாங்குன ரோஜா எங்க வீட்டுல இன்னும் பூத்துக்கிட்டே இருக்கு.”

“அப்படியா சார்?” அத்தையின் தோள் இறங்கியது. பல நாளாகப் பிடித்து வைத்திருந்த நாக்கும் அதோடு இறங்கியது. “அது உங்க வீட்டு அம்மா கை ராசி சார். என் செடி சுமார்தான்.”

தட்டெழுத்து ஓடியது. எங்கள் வக்கீலின் கை சட்டைப்பைக்குப் போனது.

“என்னம்மா இப்படிச் சொல்றீங்க? அருமையான மண்ணாச்சே உங்களுது.”

“அதுவா? கல்லும் கட்டியும் சார்.”

மாமா என் மணிக்கட்டைப் பிடித்தார்.

“ஆபீசர் வந்தப்ப இதையேதான் சொன்னீங்க. தண்ணியும் சுமார்னு சொன்னீங்க. அப்படித்தானே?”

“சொன்னேன் சார்.”

“அவர் மிரட்டி எழுதி வாங்கலையே?”

“சேச்சே! தங்கமான மனுஷன். எழுத்து முத்து முத்தா இருக்கும்.”

பெஞ்சுகளில் சிரிப்புக் கிளம்பியது. ஜட்ஜ் கூடப் பேனாவால் உதட்டை மறைத்துக்கொண்டார். எங்கள் வக்கீல் மட்டும் மேஜையைப் பார்த்தபடி மென்றுகொண்டிருந்தார். வாயில் மாத்திரை இருந்ததா என்று எனக்குச் சந்தேகம். வாய்க்கால் தாண்டிய நிலம் என் கண் முன்னால் யாரோ ஒருவர் பேருக்குப் போய்க்கொண்டிருந்தது.

அரசு வக்கீல் கண்ணாடியைக் கழற்றினார். முடிச்சுப் போடும் நேரம். “ஆக, நீங்க அன்னைக்குச் சொன்னதுதான் உண்மை. அப்படித்தானே?”

அத்தைக்கு அப்போதுதான் உறைத்தது. பெஞ்சில் மாமாவைத் தேடினாள். கூண்டின் கட்டையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். “இல்லைங்க சார், என் கிணத்துல வந்து… என் கிணறு…”

“உங்க கிணறு இல்லம்மா.” அவர் பொறுமையாக, பதிவுக்காகத் திருத்துகிறவர் மாதிரி, ஜட்ஜைப் பார்த்துப் புன்னகைத்துக்கொண்டே சொன்னார். “நிலத்தை எடுத்தாச்சு. மண்ணு, கிணறு எல்லாமே இப்ப அரசாங்கத்தோடது.”

அத்தை நிமிர்ந்து அவரைப் பார்த்தாள்.

“என்னோடது இல்லையா சார்?”

“இல்லம்மா.”

“துளி கூட?”

“துளி கூட இல்ல. முழுக்க முழுக்க அரசாங்கத்தோடது.”

கட்டையைப் பிடித்திருந்த கை தளர்ந்தது. அத்தையின் தலை ஒரு பக்கம் சாய்ந்தது. கண் சுருங்கியது. முகம் மலர்ந்தது. வேறு நிறப் பையில் சுற்றிய அந்தச் செம்பருத்தியைப் பார்த்த அதே முகம். கூண்டின் கட்டையைப் புறங்கையால் ஒருமுறை தடவிக் கொடுத்தாள். பிறகு, தட்டெழுத்து அம்மா இரண்டாம் தடவை கேட்க வேண்டிய அவசியமே இல்லாத குரலில் சொன்னாள்:

“இதை முன்னாடியே சொல்லியிருக்கலாமே சார், இவ்வளவு நாளா நாக்கைப் பிடிச்சுக்கிட்டுச் செத்துப் பிழைச்சேனே! என்னோடதா இருந்தப்ப சுமார்னு சொன்னேன், வாஸ்தவம். என்னோடதை நான் அப்படித்தான் சொல்லுவேன், அதோ உக்காந்திருக்காரே என் வீட்டுக்காரரு, அவரையே கேட்டுப் பாருங்க. ஆனா அடுத்தவங்க பொருளைக் குறை சொல்ற பழக்கம் எனக்குக் கிடையாது. அரசாங்கத்துக் கிணறு மாதிரி ஒரு கிணறு இந்தச் சுத்துவட்டாரத்துலயே இல்ல சார்! தண்ணின்னா தண்ணி, தேனு. ரோடு போட்டப்ப கோடை பூரா மோட்டாரை இறக்கி லாரி லாரியா எடுத்தீங்களே, ஒரு நாளாவது அடித்தரை தெரிஞ்சுச்சா? நீங்க வந்துபோற ரோடே அந்தத் தண்ணியைக் குடிச்சுத்தானே சார் கெட்டியாச்சு! அரசாங்கத்து மண்ணு இருக்கே, கையில அள்ளுனா கீழ போட மனசு வராது. இவ்வளவு நல்ல சொத்தைக் கையில வச்சுக்கிட்டு அதைப் போயி தரிசுன்னு நீங்களே மட்டமாப் பேசலாமா? நல்லாருக்குன்னு சொன்னா யாராவது எடுத்துட்டுப் போயிருவாங்கன்னு எனக்குத்தான் சார் பயம், உங்களுக்கு என்ன பயம்?”